பழைய கொடியில் ஒரு பூ, புதுத் தளிரில் ஒரு பூ

குன்னூரில் எங்கள் வீட்டு வாசற்பந்தலில் பாங்க்சியா ரோஜா படர்ந்திருக்கிறது. முள் கிடையாது. குளிர் விட்டதும் சட்டைப் பொத்தான் அளவில் வெளிர்மஞ்சள் பூக்கள் கொத்துக் கொத்தாகத் தொங்கும். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு ஜனவரியில், கொடி கூரை ஓடுகளைத் தூக்குகிறதே என்று முழங்கால் உயரத்துக்கு வெட்டிவிட்டேன். ஏப்ரலில் தளதளவென்று தளிர் வந்தது. ஒரு பூ வரவில்லை. உரம் வைத்தேன், மருந்தடித்தேன். செடியில் ஒரு குறையும் இல்லை. பூக்க வேண்டிய கொடியை நானே விறகாக்கியிருந்தேன்.

நீலகிரியில் கவாத்து, அதாவது கிளைகளை வெட்டிவிடுவது, என்றதும் தேயிலைதான் நினைவுக்கு வரும். கொழுந்து கிள்ளுவதன் பின்னால் இருப்பதும் அதே அறிவியல்தான்: நுனி ஆதிக்கம். கிளையின் நுனியில் சுரக்கும் ஆக்சின் என்ற ஹார்மோன் தண்டு வழியாகக் கீழே இறங்குகிறது. அது இறங்கிக்கொண்டிருக்கும் வரை இலைக்கக்கத்தில் உள்ள கோண மொட்டுகள் உறங்குகின்றன. 1933இல் தாவர ஆய்வாளர்கள் கென்னத் திமானும் ஃபோக் ஸ்கூகும் அவரைக் குடும்பத்துச் செடி ஒன்றின் நுனியைக் கிள்ளிவிட்டு, வெட்டிய இடத்தில் ஆக்சினை வைத்துப் பார்த்தார்கள். நுனியே இல்லாதபோதும் கீழ்மொட்டுகள் எழவில்லை.

ஆனால் ஆக்சின் மட்டுமே முழுக் கதை இல்லை. 2014இல் பட்டாணிச் செடியில் நடந்த ஆய்வு ஒன்றில், நுனியை வெட்டியதும் தொலைவில் இருந்த மொட்டு சில மணி நேரத்திலேயே வளரத் தொடங்கியது. தண்டில் ஆக்சின் குறையும் செய்தியோ மணிக்குச் சுமார் ஒரு சென்டிமீட்டர் வேகத்தில்தான் நகரும். அது அவ்வளவு சீக்கிரம் அங்கே போய்ச் சேர்ந்திருக்க முடியாது. மொட்டை முதலில் எழுப்பியது சர்க்கரை. நுனி இழுத்துக்கொண்டிருந்த உணவு, நுனி போனதும் பக்கமொட்டுகளுக்குத் திரும்புகிறது. ஒரு வெட்டுக்கு நான்கைந்து தளிர் கிளம்புவது இதனால்தான்.

தேயிலைக்கு அந்தத் தளிர் போதும். இலைதான் அங்கே விளைச்சல். பூங்கொடிக்குப் போதாது. எழும் தளிர் அந்த ஆண்டே பூக்குமா, ஓராண்டு முற்ற வேண்டுமா என்பது கொடிக்குக் கொடி மாறும்.

காகிதப்பூவும் தாட்பூட் (பேஷன் ஃப்ரூட்) கொடியும் புதுத் தளிரில் பூப்பவை. குளிர் முடிந்ததும் துணிந்து வெட்டலாம். காகிதப்பூவில் ஒரு வியப்பு உண்டு: அதன் முள்ளும் பூங்கொத்தும் ஒரே இடத்திலிருந்து, இலைக்கக்கத்து மொட்டிலிருந்து வருபவை. தழைச்சத்தை அள்ளிக் கொட்டினால் இலையும் கொடியும்தான் பெருகும், பூ பின்தங்கிவிடும்.

பாங்க்சியா ரோஜாவின் பூக்கும் பக்கக்கிளைகள் முந்தைய ஆண்டுகளில் முற்றிய கொடியிலிருந்துதான் புறப்படும். ஊதாப் பூங்கொத்துகள் தொங்கும் விஸ்டேரியா கொடி இன்னும் ஒரு படி மேலே போய், அடுத்த வசந்தத்தின் பூங்கொத்தை முந்தைய பருவத்திலேயே மொட்டுக்குள் உருவாக்கி வைத்துவிடுகிறது. இலையுதிர்ந்த கொடியை விரலால் வருடிப் பாருங்கள். மெலிந்து கூர்மையாகத் தண்டோடு ஒட்டியிருந்தால் இலைமொட்டு. உருண்டு தடித்திருந்தால் பூமொட்டு. இந்த இரண்டு வகைக் கொடிகளையும் பூத்து ஓய்ந்தவுடன் வெட்ட வேண்டும். அப்போதுதான் தென்மேற்குப் பருவமழையில் வளரும் புதுக்கொடி, குளிர் வருவதற்குள் முற்றும்.

சமவெளி நாட்காட்டி மலைக்கு ஒத்துவராது. குண்டுமல்லிக்கு நவம்பர் கடைசி, ஜாதிமல்லிக்கு டிசம்பர் கடைசி என்று சமவெளியில் கவாத்து செய்கிறார்கள்; அங்கே அது சரி. ஊட்டியில் அந்த நாளில் வெட்டினால், எழும் தளிர் நேராக உறைபனியின் வாயில் விழும். நீர் நிறைந்த இளந்திசுவில் பனிப்படிகம் உருவாகி உயிரணுக்கள் சிதைய, காலையில் வெயில் பட்டதும் தளிர் வேகவைத்த கீரைபோலக் கருத்துத் தொங்கும். ஏற்கெனவே பனியில் கருகிய கொடியையும் உடனே வெட்டாதீர்கள். அந்தச் சருகு, கீழே உள்ள மொட்டுக்குப் போர்வை. பிப்ரவரி கடைசி வரை பொறுத்திருங்கள்.

வெட்டும்போது மொட்டுக்கு அரை சென்டிமீட்டர் மேலே, மொட்டுக்கு எதிர்ப்புறம் நீர் வடியும்படி லேசாகச் சாய்த்து வெட்டுங்கள். அதிக நீளம் விட்டால் அந்தக் கட்டை காய்ந்து, அழுகல் கீழே இறங்கும். மூடுபனி நாளில் கத்தியை எடுக்கவே வேண்டாம். ஈரமான வெட்டுவாய் பூஞ்சணத்துக்குத் திறந்த கதவு.

பல சமயம் வெட்டவே தேவையில்லை, வளைத்தால் போதும். கொடி ரோஜாவின் நீண்ட கொம்பு செங்குத்தாக நிற்கும் வரை உச்சியில் மட்டும் பூக்கும். அதைக் கம்பியோடு படுக்கைவாட்டில் கட்டிவிட்டால் நுனியின் பிடி தளர்ந்து, கணுவுக்குக் கணு தளிர் எழும். ஒவ்வொரு தளிரிலும் பூ. வெட்டுப்பட்ட என் பாங்க்சியாவின் புதுக்கொடிகளையும் இப்படித்தான் பந்தலில் படுக்க வைத்தேன். மறு ஆண்டு அவை பூத்தன.

வெட்டிய கொடியை எங்கே போடுகிறோம் என்பதும் முக்கியம். ஓடையோர மரங்களை மூடிக் கிடக்கும் நீலப்பூக் கொடியைப் பார்த்திருப்பீர்கள். அந்தத் தண்டில் ஒரு துண்டு ஈரமண்ணில் விழுந்தாலும் கணுவில் வேர்விடும். தோட்டத்துத் தாட்பூட் வகைகளில் ஒன்று சோலைக்காட்டுக்குள்ளேயே ஏறியிருக்கிறது. எங்கள் வீட்டில் வெட்டிய கொடிகள் சிமென்டு முற்றத்தில் காய்ந்து, முறித்தால் சடக்கென்று ஒடியும் பதம் வந்த பிறகுதான் உரக்குழிக்குப் போகின்றன.