ரிட்டர்ன் பீரியட்: நூறாண்டுக்கு ஒன்றா, நூற்றில் ஒன்றா?

சென்னைக்குத் தெற்கே மனை பார்க்கப் போயிருந்தேன். 2015 வெள்ளத்தில் இந்தத் தெருவில் எவ்வளவு தண்ணீர் நின்றது என்று கேட்டதும், தரகர் ஒளிக்காமல் பக்கத்து வீட்டுச் சுவரில் இடுப்புயரக் கறையைக் காட்டினார். காட்டிவிட்டு, "அது நூறு வருடத்துக்கு ஒருமுறை வருகிற வெள்ளம் சார். வந்து போய்விட்டது. இனி நம் பேரப்பிள்ளைகள் காலத்தில்தான்" என்றார். மனிதர் பொய் சொல்லவில்லை. ஒரு சொல் அவரை ஏமாற்றியிருந்தது.

அந்தச் சொல் நீரியலில் வழங்கும் ‘ரிட்டர்ன் பீரியட்’. ஆற்று வெள்ளமோ ஒரு நாள் மழையோ ஒரு குறிப்பிட்ட அளவை எட்டவோ விஞ்சவோ எந்த ஓர் ஆண்டிலும் நூற்றில் ஒரு பங்கு நிகழ்தகவு இருந்தால், அந்த அளவின் ரிட்டர்ன் பீரியட் 100 ஆண்டு. ஐம்பதில் ஒரு பங்கு என்றால் 50 ஆண்டு. ஆண்டு நிகழ்தகவைத் தலைகீழாக்கிக் கிடைக்கும் எண், அவ்வளவுதான். சுவரில் தொங்கும் நாள்காட்டிக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

ஒரு பானையில் 100 புளியங்கொட்டைகளைப் போடுங்கள். தாயம் ஆடத் தேய்ப்போமே, அதுபோல ஒன்றை மட்டும் வெள்ளை தெரியத் தேய்த்துப் போடுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை கண்ணை மூடி ஒரு கொட்டையை எடுக்க வேண்டும். பார்த்துவிட்டு மறுபடி பானையிலேயே போட்டுக் குலுக்க வேண்டும். வெள்ளை வந்தால் அந்த ஆண்டு பெருவெள்ளம். தரகர் செய்த பிழை, 2015-ல் வந்த வெள்ளைக் கொட்டையைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டதுதான். மழைக்கு அந்த வழக்கம் கிடையாது. அது கொட்டையைப் பானைக்கே திருப்பிவிடுகிறது.

இந்தப் பானையில் 30 ஆண்டு கொட்டை எடுத்தால், ஒருமுறையாவது வெள்ளை வர 26 விழுக்காடு நிகழ்தகவு உண்டு. முப்பது ஆண்டு என்பது ஏறக்குறைய ஒரு வீட்டுக்கடனின் ஆயுள். நூறு ஆண்டு எடுத்தால் 63 விழுக்காடு. அதாவது நூறாண்டு முழுதும் ‘நூறாண்டு வெள்ளம்’ எட்டிப் பார்க்காமலே போக 37 விழுக்காடு இடமிருக்கிறது. அதே நூறாண்டில் இரண்டு முறையோ அதற்கு மேலோ வரவும் 26 விழுக்காடு இடமிருக்கிறது.

சொல்லின் பூர்வீகத்தைத் தோண்டினால் குழப்பம் எங்கிருந்து வந்தது என்று தெரிகிறது. ‘ரிட்டர்ன்’ பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போனது. அதன் அடியில் கிடப்பது கடைசல் இயந்திரத்தில் வைத்துச் சுழற்றுவதைக் குறித்த லத்தீன் வினை. ‘பீரியட்’ கிரேக்கச் சொல்: ‘பெரி’ என்றால் சுற்றி, ‘ஹோடோஸ்’ என்றால் வழி; இரண்டும் சேர்ந்தால் சுற்றிவரும் வழி. ஆக, சொல்லின் இரண்டு பாதியும் சுழற்சியையே பேசுகின்றன. ஹேலி வால்மீனுக்கு இது பொருந்தும்: 1986-ல் வந்தது, 2061-ல் திரும்பவும் வரும். வெள்ளத்துக்கு அப்படி ஒரு சுற்றுப்பாதை இல்லை.

ஆறுகளின் வெள்ளத்தை இப்படி ஆண்டுக் கணக்கோடு கோத்துப் பார்த்த முன்னோடிகளில் ஒருவர் வெஸ்டன் ஃபுல்லர் என்ற அமெரிக்கப் பொறியாளர். அவர் கட்டுரை வந்தது 1914-ல். அதற்கு உறுதியான கணித அடித்தளம் இட்டவர் எமில் கும்பெல். மியூனிக்கில் 1891-ல் பிறந்த இவர் வெள்ளத்தை எண்ணுவதற்கு முன் கொலைகளை எண்ணியவர். முதல் உலகப் போருக்குப் பிந்தைய ஜெர்மனியில் நடந்த அரசியல் கொலைகளைத் தொகுத்து, வலதுசாரிகள் செய்தவை 354, இடதுசாரிகள் செய்தவை 22 என்று 1922-ல் வெளியிட்டார். முன்னவர்களுக்குக் கிடைத்த தண்டனை எவ்வளவு சொற்பம் என்பதையும் சேர்த்தே கணக்குக் காட்டினார். 1932-ல் ஹைடல்பெர்க் பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தும் உரிமை பறிபோனது. பிரான்சுக்குப் போய், அங்கிருந்து 1940-ல் அமெரிக்காவுக்குத் தப்பினார். அடுத்த ஆண்டே வெளியான அவருடைய கட்டுரையின் தலைப்பிலேயே ‘ரிட்டர்ன் பீரியட்’ இருக்கிறது.

அந்தக் கணக்கு எப்படி நடக்கிறது? ஓர் ஆற்றின் அளவீட்டு நிலையத்தில் 40 ஆண்டுப் பதிவேடு இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வோர் ஆண்டிலும் ஓடிய உச்ச வெள்ளத்தை மட்டும் எடுத்து, பெரியதிலிருந்து சிறியதாக அடுக்க வேண்டும். ஆண்டுகளின் எண்ணிக்கையோடு ஒன்றைக் கூட்டி, வரிசை எண்ணால் வகுக்க வேண்டும். முதலிடத்து வெள்ளத்துக்கு 41 ஆண்டு, இரண்டாவதுக்கு இருபதரை, மூன்றாவதுக்கு சுமார் பதினான்கு. இவற்றைக் கும்பெலின் கணக்குக்கேற்பக் கட்டம் போட்ட வரைதாளில் புள்ளிகளாக இட்டால், தரவு ஒத்துழைக்கும்போது ஏறக்குறைய ஒரு நேர்க்கோட்டில் நிற்கும். அந்தக் கோட்டை 41-க்கு அப்பால் இழுத்து 100 ஆண்டு வெள்ளத்தைப் படிக்கிறார்கள். கவனியுங்கள், யாரும் நூறாண்டு காத்திருக்கவில்லை. நாற்பதிலிருந்து நூறுக்கு அளவுகோலை வைத்துக் கோடு போட்டிருக்கிறார்கள். பதிவேட்டில் ஒரே ஒரு பேய்மழை ஆண்டு புதிதாகச் சேர்ந்தாலும் கோடு சாயும். நேற்றைய 100 ஆண்டு வெள்ளம் இன்று 60 ஆண்டு வெள்ளமாகிவிடும்.

இன்னொரு சிக்கல், மழையின் ரிட்டர்ன் பீரியடும் வெள்ளத்தின் ரிட்டர்ன் பீரியடும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை என்பது. 2015 டிசம்பர் தொடக்கத்தில் தாம்பரத்தில் ஒரே நாளில் 49 செ.மீ. கொட்டியது. ஆனால் நவம்பர் மழையிலேயே அடையாற்றின் நீர்பிடிப்புப் பகுதி ஏரிகள் நிரம்பி, மண் ஊறி, கலிங்குகள் வழிந்துகொண்டிருந்தன. காய்ந்த மண்ணில் அதே மழை விழுந்திருந்தால் ஆற்றில் வேறு வெள்ளம் ஓடியிருக்கும். செய்திகளில் ‘நூறாண்டு காணாத’ என்று எழுதும்போது அது மழையா, ஆற்றின் நீரளவா, தெருவில் நின்ற தண்ணீரா என்று பிரித்துச் சொல்பவர் அரிது.

இனி, ‘ரிட்டர்ன் பீரியட்’டுக்குத் தமிழ். ‘மீட்சிக் காலம்’ என்று எழுதுவதில் எனக்கு உடன்பாடில்லை. மீட்சி என்றால் விடுதலை, மீண்டெழுதல்; ‘வெள்ள மீட்சிக் காலம்’ என்று படிப்பவர் நிவாரண முகாமைத்தான் நினைப்பார். ‘திரும்பு காலம்’ அந்தச் சுழற்சி மயக்கத்தை அப்படியே இறக்குமதி செய்கிறது. பொறியாளர்கள் தமக்குள் பேச ‘சராசரி மறுநிகழ்வு இடைவெளி’ போதும். ‘சராசரி’யை மட்டும் விழுங்கிவிடக் கூடாது. அமெரிக்க நிலவியல் ஆய்வு நிறுவனம் இப்போது ஆண்டு நிகழ்தகவை முன்னிறுத்தி, ‘1 விழுக்காட்டு வெள்ளம்’ என்ற போக்கில் எழுதுகிறது. அதற்கு ‘ஆண்டு விஞ்சு நிகழ்தகவு’ என்பேன்; விஞ்சுதல் நல்ல பழைய வினை, இந்த வேலைக்கு அளவெடுத்ததுபோல் இருக்கிறது. (பழந்தமிழில் ‘வெள்ளம்’ என்பதே ஒரு பேரெண்ணின் பெயர், ஆம்பலையும் குவளையையும் போல. வெள்ளத்தை எண்ணோடு சேர்ப்பது நமக்குப் புதிதல்ல.)

பொதுமக்களுக்கு எழுதும்போது நான் பயன்படுத்துவது ‘நூற்றிலொன்று வெள்ளம்’. 50 ஆண்டு என்றால் ‘ஐம்பதிலொன்று’. நூறு அப்படியே நிற்கிறது, ஆண்டு மட்டும் கழன்றுவிடுகிறது. ‘வந்து போய்விட்டது’ என்று அதைத் தொடர யாருக்கும் நாக்கு வராது.

ஒரே ஒரு நிபந்தனை: எந்த ஆண்டு வரையான பதிவு என்பதையும் கூடவே எழுத வேண்டும். 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. மழை பதிவானது. அதைச் சேர்க்கும் முன் போட்ட கோடு வேறு, சேர்த்த பின் வருவது வேறு. ஏரிகள் மனைகளாகி, கடலும் சூடேறிவரும்போது பானைக்குள் வெள்ளைக் கொட்டை ஒன்றுதானா என்பதே கேள்வி. அதனால் ‘நூற்றிலொன்று வெள்ளம், 2022 வரையான பதிவுப்படி’ என்று எழுதுவதே முறை. அந்த மனைக்கு நான் முன்பணம் கொடுக்கவில்லை.