பழைய குடும்பம் சார், பணம் எங்கே போகும்?

பணத்தைத் தொலைத்துவிட்டு என் மேசைக்கு எதிரே வந்து உட்கார்ந்தவர்கள் பலர் சொன்ன வாக்கியத்தைத்தான் மேலே தலைப்பாக வைத்திருக்கிறேன். ஆடிட்டர் தொழிலில் இருபது வருடம் தாண்டிவிட்டது. தெருமுனை ஃபைனான்ஸில் ஏமாந்தவர்களைப் பார்த்திருக்கிறேன், மூன்று மாதத்தில் இரட்டிப்பு என்ற விளம்பரத்தை நம்பியவர்களையும் பார்த்திருக்கிறேன். ஆனால் படித்த, நிதானமான, பத்து ரூபாய்க்குக் கீரை வாங்கினாலும் கட்டை அவிழ்த்துப் பார்க்கிற ஆட்கள் ஏமாறுவது பெரும்பாலும் வேறு மாதிரி. அவர்கள் வட்டியைப் பார்த்து விழுவதில்லை, குடும்பத்தைப் பார்த்து விழுகிறார்கள்.

போன வருடம் வரிக் கணக்குக்காக ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் வந்தார். வருடா வருடம் வருபவர்தான். பென்ஷன் பாஸ்புக், எல்ஐசி ரசீது என்று ஒவ்வொன்றாக அடுக்கியவர், கடைசியில் தடித்த காகிதத்தில் பொன்னிற ஓரம் போட்ட நான்கு டெபாசிட் ரசீதுகளைத் தயங்கித் தயங்கி எடுத்து வைத்தார். மொத்தம் 22 லட்சம். ரசீது கொடுத்திருந்தது வங்கி இல்லை, கம்பெனிகூட இல்லை, 'அண்ட் சன்ஸ்' என்று முடியும் ஒரு கூட்டு வணிக நிறுவனம், அதாவது பார்ட்னர்ஷிப். ஒன்றரை வட்டி, மாதாமாதம் கவரில் ரொக்கமாக வந்துவிடுமாம். வரிக் கணக்கில் காட்டலாம் என்று 26ஏஎஸ் (நம் பேரில் பிடித்த வரியைக் காட்டும் வரித்துறைப் படிவம்) பார்த்தால் இந்த வட்டிக்கு ஒரு சுவடும் இல்லை, டிடிஎஸ், அதாவது வட்டி தரும்போதே கழிக்கும் வரி, பிடித்ததாக ஒரு வரியும் இல்லை. அவர்கள் கணக்கைக் கேட்டுப் பார்த்திருக்கிறீர்களா சார் என்றேன். "தாத்தா காலத்திலிருந்து ஊருக்கே தெரிந்த குடும்பம். கோயில் கும்பாபிஷேகத்துக்கு முதல் மரியாதை அவர்களுக்குத்தான். அவங்ககிட்ட போய் எப்படிக் கணக்குக் கேட்கிறது?" என்றார்.

அவருக்கு நான் சொன்ன கதையைத்தான் இங்கேயும் சொல்லப்போகிறேன். 1906-ல் மெட்ராஸில் நடந்தது.

அந்தக் காலத்தில் மெட்ராஸில் மூன்று வெள்ளைக்கார வணிக நிறுவனங்கள் கொடிகட்டிப் பறந்தன. பாரி, பின்னி, அர்பத்நாட். பாரி பேரைச் சொல்லி இன்றைக்கும் பஸ் ஓடுகிறது, பின்னி மில்லை நம் அப்பாக்களுக்குத் தெரியும். அர்பத்நாட் மட்டும் எங்கே போனது? மூன்றில் அதுதான் உறுதியானது என்று அன்றைக்குப் பலர் நம்பினார்கள் என்பதுதான் வேடிக்கை.

குடும்பம் ஸ்காட்லாந்துக் குடும்பம். பிரபுப் பட்டம் உள்ள பழைய வம்சம். 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜார்ஜ் அர்பத்நாட் என்பவர் மெட்ராஸில் ஏற்கெனவே இருந்த ஒரு வணிக நிறுவனத்தில் சேர்ந்து பங்குதாரராகி, பிறகு அது அவர்கள் குடும்பப் பெயரிலேயே நடக்க ஆரம்பித்தது. (இடையில் கொஞ்ச காலம் ஜான் டிமான்டி என்ற போர்ச்சுகீசிய வணிகரும் கூட்டாளி. ஆழ்வார்பேட்டை டிமான்டி காலனி என்றால் பேய்க்கதை மட்டும்தான் ஞாபகம் வருகிறது இல்லையா, அந்த டிமான்டிதான்.) பரந்த அர்பத்நாட் வம்சத்தைச் சேர்ந்த அலெக்ஸாண்டர் அர்பத்நாட் 1872-ல் சில மாதங்கள் மெட்ராஸின் தற்காலிக கவர்னராகவே இருந்திருக்கிறார். அதாவது கோட்டையிலும் அந்தப் பேர், கடற்கரைச் சாலையிலும் அந்தப் பேர்.

1906-ல் நிறுவனத்தின் தலைவர் சர் ஜார்ஜ் கஃப் அர்பத்நாட். வயது அறுபதை நெருங்கிக்கொண்டிருந்தது. 'சர்' பட்டம், சட்டசபைக் கவுன்சில் உறுப்பினர் பதவி, மெட்ராஸ் ஐரோப்பிய வணிகர்களுக்கு ஏறக்குறைய தலைவர் என்ற அந்தஸ்து, எல்லாம் இருந்தன. அவருடைய நிறுவனம் ஏற்றுமதி இறக்குமதியும் பார்த்தது, முகமை (ஏஜென்சி) வேலையும் பார்த்தது, அதே கல்லாவில் பொதுமக்களிடம் டெபாசிட்டும் வாங்கியது. மற்ற இடங்களைவிட வட்டி கொஞ்சம் கூடுதல். 'கொஞ்சம்' என்பதை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். ரொம்பக் கூடுதல் என்றால் மனிதனுக்குச் சந்தேகம் வரும். கொஞ்சம் கூடுதல் என்றால், பெரிய மனிதர்கள், அவர்களுக்குக் கட்டுப்படியாகிறது போலிருக்கிறது என்று நாமே காரணம் கண்டுபிடித்துக்கொள்வோம்.

ஓய்வுபெற்ற அதிகாரிகள், வக்கீல்கள், மிராசுதார்கள், கணவர் விட்டுப்போன பணத்தின் வட்டியில் குடும்பம் நடத்திய பெண்கள், இப்படி ஆயிரக்கணக்கானவர்கள் பணம் போட்டார்கள். அது கூட்டு வணிக நிறுவனம் என்பதால் ஐந்தொகையை (பேலன்ஸ் ஷீட்) ஊருக்குக் காட்ட வேண்டிய சட்டக் கட்டாயம் எதுவும் அன்றைக்கு இல்லை. யாரும் கேட்கவும் இல்லை.

லண்டனில் ஒரு கிளைக் கதை ஓடிக்கொண்டிருந்தது. அங்கே அவர்களுடைய வேலைகளைப் பார்த்துக்கொண்டது மக்ஃபேடியன் கம்பெனி என்ற இணை நிறுவனம். அதன் தலைவர் பேட்ரிக் மக்ஃபேடியன் ஊக வணிகத்தில் இறங்கிப் பெரிய அளவில் நஷ்டப்பட்டிருந்தார். 1906 அக்டோபரில் அவர் ரயில் முன் பாய்ந்து தற்கொலை செய்துகொண்டார். அடுத்த சில நாட்களுக்குள், அக்டோபர் 22 திங்கட்கிழமை, மெட்ராஸில் அர்பத்நாட் நிறுவனம் கதவைச் சாத்தியது. நம் ஊர் பாஷையில் சொன்னால் மஞ்சள் கடுதாசி கொடுத்துவிட்டார்கள். வாரக் கடைசியில் நிம்மதியாகத் தூங்கி எழுந்தவர்கள் திங்கட்கிழமை அந்த வாசலுக்கு வந்து, பூட்டிய கதவுக்கு முன்னால் நின்றார்கள்.

மெட்ராஸில் கட்டிய பணத்துக்கு லண்டனில் ஓட்டை. என் அனுபவத்தில் இன்றைக்கும் முக்கால்வாசிச் சரிவுகளின் அமைப்பு இதுதான். பணம் வாங்குகிற கவுன்டர் ஒன்று, பணம் கரைகிற இடம் வேறொன்று. நாம் பார்ப்பது கவுன்டரை மட்டும்: கிரானைட் தரை, சாமி படம், ஊதுபத்தி, "வாங்க சார், காபி சாப்பிடறீங்களா" என்று எழுந்து நிற்கும் மேனேஜர். கரைகிற இடம் மகன் ஆரம்பித்த ரியல் எஸ்டேட்டாக இருக்கும், மருமகன் எடுத்த படமாக இருக்கும், வெளிமாநிலத்தில் பாதியில் நிற்கும் ஒரு தொழிற்சாலையாக இருக்கும். ஒரு குடும்ப நிறுவனத்தின் சரிவுக்குப் பிறகு அதன் பேரேடுகளைப் பார்க்கும் வேலை எனக்கு வந்தது. டெபாசிட் வாங்கிய கணக்கில் ஒரு ரூபாய் பிசகில்லை, அவ்வளவு சுத்தம். அந்தப் பணம் போன பக்கத்தில் 'சகோதர நிறுவனத்துக்குக் கடன்' என்ற ஒரே தலைப்பு வருடக்கணக்காக வளர்ந்துகொண்டே போயிருந்தது. அதைத் திருப்பிக் கேட்க வேண்டியவரும் திருப்பித் தர வேண்டியவரும் ஒரே வீட்டில் ஒரே மேசையில் சாப்பிடுகிறவர்கள். யார் யாரைக் கேட்பது?

சர் ஜார்ஜ் வழக்குக்கு வருவோம். கைது, விசாரணை, 18 மாதக் கடுங்காவல் தண்டனை. பட்டம் பெற்ற ஒரு வெள்ளைக்காரக் கனவான், அதுவும் அந்தப் பேர், அந்தக் காலத்தில் சிறைக்குப் போனது சாதாரணச் செய்தி இல்லை. என் நண்பர்களில் சிலர், அவர் பாவம், லண்டன்காரன் செய்த வினைக்கு இவர் மாட்டிக்கொண்டார் என்பார்கள். எனக்கு அந்த இரக்கம் வருவதில்லை. உள்ளே நொடித்துப்போயிருந்த நிலையிலும் கவுன்டரில் டெபாசிட் வாங்கிக்கொண்டுதான் இருந்தார்கள். ஆனாலும் ஒன்று யோசிப்பேன். நூறு வருடமாக ஊரே தலைவணங்குகிற பேரோடு பிறந்தவனுக்கு, அந்தப் பேர் கவிழும் என்ற எண்ணமே வராமல் போயிருக்கலாம். அடுத்த சீசனில் சரியாகிவிடும், அதற்குள் நாலு டெபாசிட் வந்தால் சமாளித்துவிடலாம் என்றே ஒவ்வொரு மாதமும் தள்ளியிருக்கலாம். இது என் ஊகம்தான். ஆனால் என் எதிரே உட்கார்ந்த குடும்ப நிறுவனத்து முதலாளிகள் சிலர் வாயால் இதையே கேட்டிருக்கிறேன், அதுவும் கண்ணில் துளிப் பொய் இல்லாமல்.

அந்தத் திவால் வழக்கில் கடன் கொடுத்தவர்கள் பக்கம் நின்ற வக்கீல்களில் முக்கியமானவர் மயிலாப்பூர் வி. கிருஷ்ணசாமி ஐயர். நம் ஆட்கள் நடத்துகிற, பங்குதாரர்களுக்குக் கணக்குக் காட்டுகிற ஒரு வங்கி வேண்டும் என்று அவரும் சிலரும் கிளம்பினார்கள், செட்டிநாட்டுப் பெருவணிகர்களில் ராமசாமி செட்டியார் போன்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். 1907 மார்ச் 5 அன்று இந்தியன் வங்கி பதிவானது, ஆகஸ்ட் 15 அன்று கதவைத் திறந்தது. அதே 1907-ல்தான் கிருஷ்ணசாமி ஐயர் பாரதியாரின் பாடல்களை அச்சடித்து இலவசமாகக் கொடுத்தார். காங்கிரஸில் அவர் மிதவாதிகள் பக்கம், பாரதி தீவிர தேசியவாதிகள் பக்கம், அரசியலில் எதிரும் புதிரும். அது தனிக் கதை.

சரி, இன்றைக்கு என்ன நிலைமை? 1906-ஐவிட நாம் நன்றாகவே இருக்கிறோம், கொடுத்திருக்கிற பாதுகாப்பைப் பயன்படுத்தினால். 1960-ல் கேரளத்தில் பாலாய் சென்ட்ரல் வங்கி மூடப்பட்டபின் டெபாசிட் காப்பீட்டுக்குச் சட்டம் வந்தது, 1962 ஜனவரி 1 முதல் நடைமுறை. அப்போது ஒருவருக்கு 1500 ரூபாய் வரைதான். 2020 பிப்ரவரியில் ஒரு லட்சத்திலிருந்து 5 லட்சமாக உயர்த்தினார்கள். ஒரு வங்கியில் எத்தனை கிளையில் எத்தனை எஃப்டி வைத்திருந்தாலும் ஒரே பேரில் இருந்தால், முதலும் வட்டியும் சேர்த்து மொத்தமாக இந்த வரம்புதான். மூன்று கிளையில் பிரித்துப் போட்டிருக்கிறேன் சார் என்று பெருமையாகச் சொல்பவர்கள் வாரத்துக்கு ஒருவராவது வருகிறார்கள். பிரித்தால் வெவ்வேறு வங்கியில் பிரிக்க வேண்டும்.

இந்தக் காப்பீடு வங்கிகளுக்கு மட்டும். கூட்டுறவு வங்கியும் இதில் அடக்கம். ஆனால் ரிசர்வ் வங்கியில் பதிவான நிதி நிறுவனமாகவே இருந்தாலும் அதில் போடும் டெபாசிட்டுக்குக் காப்பீடு கிடையாது. அந்த நிறுவனங்களும் ஆண்டுக்கு 12.5 சதவீதத்துக்கு மேல் டெபாசிட் வட்டி தரக்கூடாது என்று வரம்பு இருக்கிறது. ஒன்றரை வட்டி என்றால் 18 சதவீதம். எந்தச் சட்டத்தின் கீழ் வாங்குகிறார்கள் என்று ஆராய வேண்டியதே இல்லை, எந்தச் சட்டமும் இல்லை என்பதை அந்த எண்ணே சொல்லிவிடுகிறது. தலைமையாசிரியர் வைத்திருந்தது அதைவிட மோசம். நிதித் தொழில் செய்யும் தனிநபரோ கூட்டு நிறுவனமோ, உறவினரைத் தவிரப் பொதுமக்களிடம் டெபாசிட் வாங்கவே கூடாது என்று ரிசர்வ் வங்கிச் சட்டத்தின் 45எஸ் பிரிவு 1997-லிருந்து தடுக்கிறது. 2019-ல் மத்திய அரசு ஒழுங்குமுறைக்கு உட்படாத டெபாசிட் திட்டங்களுக்கே தடை விதித்துத் தனிச் சட்டம் போட்டது. அதாவது அர்பத்நாட் செய்த தொழிலை அதே வடிவத்தில் இன்றைக்கு யாரும் செய்ய முடியாது. செய்கிறார்கள் என்பது வேறு விஷயம்.

தமிழ்நாட்டில் முதலீட்டாளர் நலன் பாதுகாப்புச் சட்டம் 1997-லேயே வந்துவிட்டது. பொருளாதாரக் குற்றப்பிரிவு, சிறப்பு நீதிமன்றம், சொத்து முடக்கம் எல்லாம் உண்டு. அதன் வழியாகப் பணம் திரும்ப வந்தவர்கள் உண்டு. ஆனால் அந்தப் படிக்கட்டில் ஏறி இறங்கிய வாடிக்கையாளர்களைக் கேட்டுப் பாருங்கள், மகள் கல்யாணத்துக்குப் போட்ட பணம் பேத்தி பள்ளிக்கூடம் போகும்போது வந்தது என்பார்கள்.

தலைமையாசிரியர் எல்லாவற்றையும் கேட்டார். 1906 கதையைத்தான் ரொம்ப ரசித்தார், தேதியைக்கூடக் குறித்துக்கொண்டார், சரித்திர வாத்தியார் அல்லவா. நான் ஒரே ஒரு வேலை சொன்னேன்: மகளுக்கு வீடு வாங்குகிறோம் என்று சொல்லி நாலு ரசீதையும் உடனே முடித்துக் கேளுங்கள், அவர்கள் எப்படிப் பதில் சொல்கிறார்கள் என்று பார்ப்போம். பொய் சொல்லச் சொல்கிறீர்களே என்று முகம் சுளித்தார். சரி, உண்மையையே சொல்லுங்கள், ஆடிட்டர் கணக்குக் கேட்கிறார், போன வருட ஐந்தொகை ஒரு பிரதி வேண்டும் என்று சொல்லுங்கள் என்றேன்.

போனார். அந்தக் குடும்பத்துப் பெரியவரே அறைக்குள் கூப்பிட்டு உட்கார வைத்து, "உங்களுக்கு இல்லாததா வாத்தியாரே" என்று சொல்லி, காபி கொடுத்து, வீட்டில் எல்லோரையும் விசாரித்து, பித்தளைக் குத்துவிளக்கு ஒன்றைக் கையில் கொடுத்து அனுப்பியிருக்கிறார். ஐந்தொகை அடுத்த வாரம் ஆள் மூலம் வரும் என்றாராம். மூன்று வாரம் கழித்து மறுபடியும் போனார். இந்தத் தடவை பெரியவர் ஊரில் இல்லை. ஆனாலும் தலைமையாசிரியர் இரண்டு ரசீதுகளுக்கு மட்டும், 10 லட்சம், மூன்று தவணைக் காசோலையாக வாங்கிவிட்டார், மூன்றும் பாஸாகிவிட்டன. மீதி 12 லட்சம் தை மாதம் முதிர்கிறது. முதிர்வதற்கு முன்னாலேயே புகார் கொடுங்கள் என்று நான் சொல்லிக்கொண்டிருக்கிறேன், நல்ல குடும்பத்தைப் போலீஸுக்கு இழுப்பதா என்று அவர் யோசித்துக்கொண்டிருக்கிறார். குத்துவிளக்கைப் பூஜை அறையில் வைத்திருக்கிறார்களாம். நல்ல கனம் என்றார்.