வெண்ணெய்க்குள் இருநூறு கோடித் தீவுகள்

கீழக்கரையிலிருந்து ஒரு வாசகி கேள்வி அனுப்பியிருக்கிறார். வெளியூரில் படிக்கும் பிள்ளைகள் விடுமுறைக்கு வந்ததும் பூண்டு ரொட்டி கேட்பார்கள் என்பதால், பூண்டு வெண்ணெயை முன்கூட்டியே செய்து ஃப்ரீசரில் வைத்துக்கொள்வது அவருடைய வழக்கம். இம்முறை அதை இரண்டு தவணையாகச் செய்திருக்கிறார். முதல் தவணையில் நேரமில்லாததால் கடையில் வாங்கிய உப்பு வெண்ணெயை அடுப்பில் உருக்கி, நசுக்கிய பூண்டையும் கொத்துமல்லித் தழையையும் போட்டுக் கலக்கி, டப்பாவில் ஊற்றி உறைய வைத்தார். இரண்டாம் தவணையில் வெண்ணெயை உருக்காமல், வெளியே வைத்துத் தானாக இளகவிட்டு, மற்றவற்றைக் கரண்டியால் குழைத்துச் சேர்த்தார். ஒரு வாரம் கழித்துத் திறந்தபோது முதல் டப்பாவின் அடியில் பனிக்கட்டி தகடாகப் படிந்திருந்தது. மேலே இருந்த வெண்ணெய் மணலைப்போல நறநறத்தது. அதைத் தடவிச் சுட்ட ரொட்டியோ சொதசொதத்துப் போனது. இரண்டாவது டப்பாவில் பனிக்கட்டியின் சுவடே இல்லை. “ஒரே வெண்ணெய், ஒரே பூண்டு, ஒரே ஃப்ரீசர். இரண்டாவது டப்பாவில் இருந்த தண்ணீர் எங்கே போயிற்று?” என்று கேட்கிறார்.

அது எங்கும் போகவில்லை. மைனஸ் 18 டிகிரி செல்சியசில், ஒரு வாரமாக, அந்தத் தண்ணீரில் கணிசமான பகுதி உறையாமலே வெண்ணெய்க்குள் இருந்தது.

பூண்டின் பகுதியை முதலில் விரைவாகக் கடந்துவிடலாம். பூண்டுப் பல்லின் உயிரணுவில் அலியின் என்ற கந்தகச் சேர்மம் ஓர் அறையிலும், அலினேஸ் என்ற நொதி இன்னோர் அறையிலும் இருக்கின்றன. நசுக்கும்போது அறைச்சுவர் உடைந்து இரண்டும் சந்திக்க, சில நொடிகளுக்குள் அல்லிசின் உருவாகிறது. காரமும் நெடியும் அதிலிருந்து வருபவை. அல்லிசினை 1944-இல் கவல்லிட்டோவும் பெய்லியும் பிரித்தெடுத்தார்கள்; அதற்கு மூலமான அலியினை 1948-இல் சுவிட்சர்லாந்தின் ஸ்டோலும் சீபெக்கும் கண்டறிந்தார்கள். அல்லிசின் நிலையற்றது. கொழுப்பில் கிடக்கும்போது அது மெல்ல மெல்ல வேறு கந்தகச் சேர்மங்களாக மாறுகிறது. குளிர் அந்த மாற்றத்தை நிறுத்துவதில்லை, மந்தப்படுத்துகிறது. புதிதாக அரைத்த வெண்ணெய்க்கும் இரண்டு மாதம் ஃப்ரீசரில் இருந்த வெண்ணெய்க்கும் மணத்தில் வேறுபாடு தெரிவது இதனால்தான். இவையெல்லாம் பல இடங்களில் எழுதப்பட்டவை. வாசகியின் கேள்வி தண்ணீரைப் பற்றியது, எனக்கும் அதுதான் பிடித்தமான பகுதி.

வெண்ணெய் முழுக்கக் கொழுப்பு என்று பலர் எண்ணுகிறார்கள். அதன் எடையில் நூற்றுக்கு 80 பங்குக்குச் சற்று மேல் கொழுப்பு என்றால், ஏறத்தாழ 16 பங்கு தண்ணீர். தண்ணீரில் மிதக்கும் கொழுப்புத் துளிகள்தான் பால். தயிரையோ பாலாடையையோ மத்திட்டுக் கடையும்போது அந்த உறவு தலைகீழாகி, கொழுப்புக்குள் சிறைப்பட்ட நீர்த்துளிகளாக மாறுகிறது. அந்தத் துளிகள் கண்ணுக்குத் தெரியாதவை. ஒரு மில்லிமீட்டரின் ஆயிரத்தில் சில பங்கு விட்டமே கொண்டவை. விட்டத்தை 5 மைக்ரான் என்று வைத்துக்கொண்டு பள்ளிக்கூடக் கோள வாய்பாட்டைப் போட்டுப் பார்த்தால், ஒரே ஒரு கிராம் வெண்ணெயில் இருநூறு கோடிக்கும் மேற்பட்ட நீர்த்துளிகள் இருக்க வேண்டும் என்று கணக்கு வருகிறது. அவை ஒன்றோடொன்று சேர்ந்துவிடாமல் தடுப்பவை, நடுவே வலைபோலப் பின்னிக்கிடக்கும் கொழுப்புப் படிகங்கள்.

தண்ணீர் பூச்சியத்தில் உறையும் என்று பள்ளியில் படித்தோம். பனிக்கட்டி பூச்சியத்துக்கு மேல் உருகும் என்பது மாறாத உண்மை; ஆனால் தண்ணீர் பூச்சியத்தில் உறைந்தே தீரும் என்பது அப்படிப்பட்ட உண்மையன்று. உறைவதற்கு ஒரு தொடக்கம் வேண்டும். தூசியின் துணுக்கோ, பாத்திரச் சுவரின் கீறலோ, ஏற்கெனவே உருவான பனித்துணுக்கோ இருந்தால் நீர் மூலக்கூறுகள் அதைப் பற்றிக்கொண்டு வரிசை கட்டும். அந்த வரிசை நொடியில் பாத்திரம் முழுக்கப் பரவும். தொடக்கம் கிடைக்காத தண்ணீர் பூச்சியத்துக்குக் கீழே போயும் திரவமாகவே நிற்கும். வெப்பமானிக்குப் பெயர் தந்த ஃபாரன்ஹைட் 1724-இலேயே இதைக் கண்டு எழுதியிருக்கிறார்.

ஒரு குவளைத் தண்ணீரில் தூசித் துணுக்குகள் ஏராளம். அவற்றில் ஒன்று வேலையைத் தொடங்கினாலே போதும், குவளை முழுதும் உறைந்துவிடும். அதே தண்ணீரைக் கோடிக்கணக்கான துளிகளாகப் பிரித்து, துளிக்குத் துளி கொழுப்புச் சுவர் எழுப்பிவிட்டால், தூசி அகப்பட்ட துளிகள் மட்டும் உறையும், தூசியில்லாத துளிகள் உறையாது. நம் மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள் இருக்கின்றன. கரையோரக் குப்பத்தில் ஓலைக்குடிசைகள் அடுத்தடுத்து நெருங்கி நிற்கும்போது ஒன்றில் விழுந்த தீப்பொறி வரிசை முழுவதையும் எரித்துவிடும். அதே குடிசைகளைத் தீவுக்கு ஒன்றாகக் கட்டியிருந்தால் முயல் தீவில் பிடித்த தீ குருசடைத் தீவுக்குக் கடல் தாண்டி வராது. வெண்ணெயிலுள்ள நீர்த்துளிகளும் அவ்வாறு ஒதுங்கிக் கிடக்கும் தீவுகள்தாம். தூசியே இல்லாத மைக்ரான் அளவு நீர்த்துளி மைனஸ் 38 டிகிரி வரைகூட உறையாமல் தாக்குப்பிடிக்கும். வீட்டு ஃப்ரீசரின் மைனஸ் 18 அதற்கு ஒரு பொருட்டே அன்று.

இந்த உத்தியைத் தெளிவாகக் காட்டியவர் டேவிட் டர்ன்புல். அமெரிக்காவின் ஜெனரல் எலெக்ட்ரிக் நிறுவன ஆய்வுக்கூடத்தில் 1950-ஐ ஒட்டிய ஆண்டுகளில் அவர் பாதரசத்தை நுண்துளிகளாக உடைத்து, அவை எவ்வளவு குளிர் வரை உறையாமல் நிற்கின்றன என்று அளந்தார். அதே ஆய்வுக்கூடத்தில் 1946-இல் வின்சென்ட் ஷேஃபர், வீட்டு உபயோகத்துக்கான ஃப்ரீசர் ஒன்றுக்குள் கறுப்பு வெல்வெட்டை விரித்து, தம் மூச்சுக்காற்றை ஊதி மேகம் உண்டாக்கி, அந்த மேகத்தின் துளிகள் உறையாமல் மிதப்பதையும், உலர்பனித் துண்டு (உறைந்த கார்பன் டை ஆக்சைடு) ஒன்றைப் போட்டவுடன் அவை பளபளக்கும் பனிப்படிகங்களாக மாறுவதையும் கண்டார். மின்விளக்கு விற்கும் நிறுவனம் பாதரசத்தை உடைப்பவருக்கும் பெட்டிக்குள் மூச்சு விடுபவருக்கும் சம்பளம் கொடுத்திருக்கிறது. இதே திட்டத்தை இன்று நம் நாட்டு நிதிக்குழு ஒன்றின் முன் வைத்தால், “இதனால் உடனடிப் பயன் என்ன?” என்ற கேள்வியோடு கோப்பு மூடப்பட்டிருக்கும் என்பது என் கருத்து. வானம் பார்த்த பூமியான இந்த இராமநாதபுரம் மாவட்டத்தில், மழை வேண்டிக் கழுதைகளுக்குத் திருமணம் செய்து வைக்கப் பணம் திரட்டுவது எளிது. மேகத்துளி எப்படி உறைகிறது என்று பார்க்க ஒரு கல்லூரி ஆய்வுக்கூடத்துக்கு ஃப்ரீசர் கேட்டு வாங்குவது அவ்வளவு எளிதன்று.

இதுவரை சொன்னது உப்பில்லாத வெண்ணெய்க்கும் பொருந்தும். வாசகி வாங்கியது உப்பு வெண்ணெய் என்பதால் இன்னொரு காரணமும் சேர்ந்துகொள்கிறது. அதைப் புரிந்துகொள்ள இந்தக் கடற்கரையில் வளர்ந்தவர்களுக்கு ஓர் ஐஸ் கம்பெனி போதும். பாம்பன் பக்கத்தில் படகுக்கு ஐஸ் ஏற்றப் பெரியவர்களோடு போன நாள்களில், பெரிய தொட்டி நிறைய உப்புத்தண்ணீர் சுற்றிக்கொண்டிருப்பதையும், அதில் இறக்கிய தகரக் கேன்களுக்குள் நல்ல தண்ணீர் கட்டியாக உறைவதையும் பார்த்திருக்கிறேன். குளிரூட்டும் குழாய்கள் தொட்டியிலுள்ள உப்புத்தண்ணீரைத்தான் குளிர்விக்கின்றன. அது மைனஸ் 10 டிகிரிக்கு இறங்கியும் திரவமாகவே ஓடி, கேனைச் சுற்றி வெப்பத்தை உறிஞ்சுகிறது. குளிரைக் கொண்டுவந்து கொடுக்கும் தண்ணீர் உறைவதில்லை, வாங்கிக்கொள்ளும் தண்ணீர் உறைகிறது. ஒருமுறை அந்தத் தொட்டியில் விரலை விட்டுப் பார்த்தேன். அதற்குக் கிடைத்த குட்டு விரல் வலியைவிட அதிக நாள் நினைவில் இருந்தது.

உப்பு வெண்ணெயில் நூறு கிராமுக்கு ஏறத்தாழ 2 கிராம் உப்பு உண்டு. உப்பு கொழுப்பில் கரையாது. அந்த 2 கிராமும் 16 கிராம் தண்ணீருக்குள்தான் அடைந்தாக வேண்டும். அப்படியென்றால் வெண்ணெய்க்குள்ளிருக்கும் ஒவ்வொரு நீர்த்துளியும் கடல்நீரைப்போல மூன்று மடங்குக்கும் மேல் உப்பானது. இத்தகைய தண்ணீர் ஏறத்தாழ மைனஸ் 7 டிகிரி வரை உறையத் தொடங்கவே தொடங்காது. அதற்கும் கீழே போனால், தண்ணீர் மட்டும் பனியாகப் பிரிந்து, மிச்சமுள்ள திரவத்தில் உப்பின் செறிவு ஏறிக்கொண்டே போகும். வாலிநோக்கம் உப்பளத்தில் வெயில் செய்யும் வேலையை இங்கே குளிர் செய்கிறது: தண்ணீரை ஒதுக்கி உப்பைச் செறிவாக்குகிறது. உப்பும் நீரும் சேர்ந்து முழுமையாக உறைந்து முடிவது மைனஸ் 21 டிகிரியில். நம் ஃப்ரீசர்கள் மைனஸ் 18-இல் நின்றுவிடுவதால் அந்த எல்லையை எட்டுவதேயில்லை. கணக்குப் போட்டால், தூசிக்குப் பஞ்சமேயில்லாத நிலையிலும் அந்த 16 கிராமில் 7 கிராம் தண்ணீராவது திரவமாகவே எஞ்சியிருக்கும். அதற்கு மேலும் எஞ்சியிருப்பது துளிகள் தனித்தனியாக இருப்பதால் கிடைத்த உபரி.

இனி முதல் டப்பாவுக்கு நேர்ந்ததை விளக்குவது எளிது. வெண்ணெயை அடுப்பில் வைத்தபோது, ஏறத்தாழ 35 டிகிரியிலேயே கொழுப்புப் படிகங்கள் எல்லாம் உருகித் தீர்ந்தன. தீவுகளுக்கிடையே இருந்த வேலி போயிற்று. துளிகள் ஒன்றோடொன்று கலந்து பெருத்தன. தண்ணீர் கொழுப்பைவிடக் கனமானதால் அடியில் இறங்கித் தேங்கியது. அப்படித் தேங்கிய உப்புநீர் ஒரே குளம். ஒரு தூசி போதும் அதில் உறைதல் தொடங்க. மேலே நின்ற கொழுப்போ, கலக்குவாரின்றி ஃப்ரீசரில் ஆறி, பெரும் படிகங்களாகத் திரண்டு நறநறத்தது. சுடும்போது அடித்தகட்டுப் பனி உருகி, ரொட்டியின் நடுப்பகுதிக்குள் ஒரே இடத்தில் இறங்கியது. நுண்துளிகளாகப் பரவியிருந்தால் அதே தண்ணீர் ஆங்காங்கே கொஞ்சம் கொஞ்சமாக ஆவியாகிச் சீறி வெளியேறியிருக்கும்.

ஆகவே வெண்ணெயை இளக்க வேண்டும், உருக்கக் கூடாது. இதைச் சொல்வது எளிது. சித்திரை வெயிலில் நம் ஊர்ச் சமையலறையே 35 டிகிரியைத் தொட்டுவிடும்போது வெண்ணெய் மேசையில் இருந்தபடியே எல்லை தாண்டிவிடும். விடியற்காலையில் செய்வது நல்லது; அல்லது கிண்ணத்தைக் குளிர்ந்த தண்ணீரில் நிறுத்தி, விரல் அழுத்தினால் பள்ளம் விழும், ஆனால் பளபளப்பு ஏறாத பதத்தில் குழைக்க வேண்டும். 100 கிராம் வெண்ணெய்க்குப் பெரிய பல் பூண்டு நான்கைந்து என்பது என் அளவு. கொடைக்கானல் மலைப்பூண்டு கிடைத்தால் காரம் கூடுதலாக இருக்கும், ஒன்றைக் குறைத்துக்கொள்ளலாம். பூண்டிலேயே பாதிக்கு மேல் தண்ணீர் இருப்பதால் அதன் துண்டுகள் வெண்ணெய்க்குள் தனியாக உறையும். அப்போது அவற்றின் உயிரணுக்கள் கிழிந்து, வெளியே எடுத்து இளகும்போது எஞ்சிய அலியினும் அலினேஸும் சந்தித்து இரண்டாவது முறையாக நெடி எழும்பும். அந்த இரண்டாம் நெடி வேண்டுமென்றால் பொடியாக நறுக்குங்கள். வேண்டாமென்றால் விழுதாக அரையுங்கள்.

ஃப்ரீசர் கிருமிகளையெல்லாம் கொன்றுவிடும் என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது, அது தவறு. மண்ணுக்குள் விளையும் பூண்டில் கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள் ஒட்டியிருக்கக்கூடும். காற்றுப்படாமல் எண்ணெயோ கொழுப்போ மூடிய, புளிப்பில்லாத, வெதுவெதுப்பான இடம் அதற்கு உகந்தது. கனடாவின் வான்கூவரில் 1985-இல், குளிரில் வைக்காத எண்ணெய்ப் பூண்டைச் சாப்பிட்ட முப்பதுக்கும் மேற்பட்டோர் இந்த நஞ்சால் பாதிக்கப்பட்டார்கள். ஃப்ரீசரின் குளிர் அந்த வித்துகளை அழிப்பதில்லை, முளைக்க விடாமல் நிறுத்தி வைக்கிறது. புயல் நாள்களிலோ, நாள் முழுவதும் மின்சாரம் நின்றபோதோ டப்பா முழுக்க இளகி, வெளி வெப்பத்தில் பல மணி நேரம் கிடந்திருந்தால், மணம் நன்றாக இருக்கிறதே என்று மறுபடி உறைய வைக்காமல் கொட்டிவிடுவதே சரி. அந்த நஞ்சுக்கு மணமில்லை. இதைத் தவிர்க்கவே, ஒரே பெரிய டப்பாவுக்குப் பதிலாக ஒரு வேளைக்கு ஆகும் அளவில் உருளைகளாகச் சுற்றி வைத்து, வேண்டியதை மட்டும் எடுக்கச் சொல்கிறேன்.

ரொட்டியைப் பொறுத்தவரை ஒரு வரி போதும்: வெண்ணெய் தடவிய ரொட்டியைக் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைக்காமல் நேராக ஃப்ரீசரில் வையுங்கள், ஏனென்றால் மாவுச்சத்து மறுபடி இறுகி ரொட்டி வறண்டுபோவது பூச்சியத்துக்குச் சற்று மேலான குளிரில்தான் மிக விரைவாக நடக்கிறது.

வாசகியின் முதல் டப்பா வீணாகிவிடவில்லை. அதை மீண்டும் இளக்கிக் குழைத்தாலும் பழைய நுண்துளிகள் திரும்ப வாரா. மத்துச் செய்த வேலையைக் கரண்டி செய்யாது. ரொட்டிக்குத்தான் அது ஆகாது, வாணலிக்கு ஆகும். அடியில் தேங்கிய உப்புநீரோடு சேர்த்தே சூடாக்கி, சடசடவென்ற ஓசை அடங்கித் தண்ணீர் முழுதும் போய்விட்டது என்று தெரிந்த பிறகு இறாலைப் போடலாம். உப்பு ஏற்கெனவே அதில் இருக்கிறது. மேலும் போட வேண்டியதில்லை.