ஒளிப்பதிவாளர்: சொல் விளக்கம்

ஒரு காட்சிக்கு எந்தத் திசையிலிருந்து எவ்வளவு வெளிச்சம் வேண்டும், எந்த வில்லை, கமரா எங்கே நிற்கும் என்பதை நெறியாளரோடு பேசித் தீர்மானித்துப் படமாக்குபவர்.

ஆங்கிலத்தில் 'சினிமாட்டோகிராஃபர்'. கிரேக்கத்தில் 'கினேமா' அசைவு, 'கிராஃபெய்ன்' எழுதுதல். 1895இல் லூமியேர் சகோதரர்கள் படம்பிடிக்கவும் திரையிடவும் பயன்பட்ட தங்கள் கருவியை 'சினிமாட்டோகிராஃப்' என்றார்கள். தமிழ்ச்சொல் அசைவை விட்டு ஒளியைப் பிடித்தது. தொழிலுக்கு அதுவே பொருத்தம். மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்த ஒளிப்பதிவாளர் பாலு மகேந்திராவின் பெயர் நின்றதும் இயல்பான வெளிச்சத்தை அவர் கையாண்ட விதத்தால்தான்.

மலையகத்தில் கலியாண வீட்டில் படமெடுப்பவரும் 'கமராமேன்', சினிமாவில் எடுப்பவரும் 'கமராமேன்'. இரண்டையும் ஒன்றாக்க வேண்டாம். பெரிய படப்பிடிப்பில் கமராவை வேறொருவர் இயக்க, ஒளிப்பதிவாளர் வெளிச்சத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார். 'ஒலிப்பதிவாளர்' என்று அச்சிட்டுவிட்டால் அது சத்தத்தைப் பதிவுசெய்பவர்.

உதவியாளராகச் சேர்பவர் பற்றரி, மெமரி கார்ட்டில் தொடங்கி ஃபோகஸ் பிடிக்கும் நிலைக்கு வருவார். சூப்பர் 35 (சினிமாக் கமராக்களில் வழமையான சென்சர் அளவு) கமராவில் 50 மி.மீ. வில்லையின் ஒளித்துளையை எஃப் 2 அளவுக்கு அகலத் திறந்து 2 மீற்றரில் நிற்பவரைப் பிடித்தால், தெளிவு நிற்கும் ஆழம் ஏறக்குறைய 15 சென்ரிமீற்றர்தான். நடிகர் ஓரடி முன்னால் வந்தாலே முகம் மங்கிவிடும்.

நுவரெலியாப் பக்கம் படமெடுப்பவருக்குப் பனிமூட்டம்தான் பெரிய சோதனை. கமராவின் ஒளிமானி வெண்மையைச் சாம்பலாக்கப் பார்க்கும். அதை நம்பினால் கொழுந்து பறிப்பவரின் முகம் கறுத்துப்போகும். முகத்தருகே விழும் ஒளியை அளக்க வேண்டும். அதற்குக் கருவி இல்லையென்றால் ஒரு ஸ்டொப், அதாவது ஒளியை இருமடங்காகக் கூட்டிப் பார்க்கலாம். மலை மறைவதற்குள் தூரக்காட்சிகளை முதலில் எடுத்துவிட வேண்டும். அண்மைக்காட்சிக்கு விளக்கு வைத்து ஈடுகட்டலாம், மலைக்கு முடியாது.

தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்குள் டியூப் லைற் எரிந்தால் இன்னொரு சிக்கல். இங்கே மின்சாரம் 50 ஹேர்ட்ஸ், குழல்விளக்கு செக்கனுக்கு 100 முறை துடிக்கும். செக்கனுக்கு 24 ஃபிரேம் எடுக்கும்போது வழமையான 1/48 செக்கன் ஷட்டர் (ஒவ்வொரு ஃபிரேமிலும் ஒளி விழும் நேரம்) அதோடு ஒத்துவராமல் வெளிச்சம் அலைபாயும். ஷட்டரை 1/50க்கு, அதாவது ஷட்டர் கோணத்தில் 172.8 பாகைக்கு மாற்றினால் ஒவ்வொரு ஃபிரேமிலும் சரியாக இரண்டு துடிப்பு விழும், படம் நிலைக்கும்.

குளிரிலிருந்து கமராவைச் சூடான அறைக்குள் கொண்டுபோனால் வில்லை வியர்க்கும். பையைத் திறக்காமல் அரைமணி நேரமாவது விட்டுவைக்க வேண்டும். ஈரத்தோடு பெட்டியில் பூட்டினால் பூஞ்சணம் பிடிக்கும்.