வெட்டச் சொன்னால் எழுத்தில் கேளுங்கள்

போன மழைக்காலத்தில் ஒரு இளைஞர் என் வக்கீல் அலுவலகத்துக்கு ஹார்ட் டிஸ்க்கோடு வந்தார். கழிவுநீர்த் தொட்டியில் இறங்கி உயிர்விட்டவர்களின் குடும்பங்களைப் பற்றி மூன்று வருடம் அலைந்து எடுத்த ஆவணப்படம். படத்தில் வரும் ஒருவரின் உறவினர், அனுமதி இல்லாமல் படமெடுத்ததாக வக்கீல் நோட்டீஸ் அனுப்பியிருந்தார். “எல்லாரும் வாயால சரின்னுதான் சார் சொன்னாங்க” என்றார். தணிக்கைக்கு விண்ணப்பித்தீர்களா என்று கேட்டேன். “எப்படியும் வெட்டிடுவாங்க, அதான் போகல.”

இந்த இரண்டு பதில்களையும் என்னிடம் வரும் பாதிப் பேர் சொல்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் நான் ஆனந்த் பட்வர்தனின் கதையைச் சொல்வது வழக்கம்.

ஆவணப்பட இயக்குநர், மும்பைக்காரர். நெருக்கடி நிலைக் காலத்திலிருந்தே அரசுக்குப் பிடிக்காத விஷயங்களைத் தேடிப்போய்ப் படமாக்கியவர். அயோத்தி விவகாரத்தைப் பற்றி அவர் எடுத்த ‘ராம் கே நாம்’ 1992-இல் வந்தது. ‘யு’ சான்றிதழும் தேசிய விருதும் கிடைத்தும் தூர்தர்ஷன் ஒளிபரப்ப மறுத்தது. நீதிமன்றம் போய்த்தான் 1997-இல் ஒளிபரப்பானது. 1995-இல் முடித்த ‘ஃபாதர், சன் அண்ட் ஹோலி வார்’ படத்துக்கு இன்னும் நீண்ட காத்திருப்பு. உச்ச நீதிமன்றம் 2006-இல்தான் அதை ஒளிபரப்பச் சொன்னது. ஒரு காட்சியைத் தனியே பிய்த்தெடுத்து எடைபோடக் கூடாது, படத்தை முழுமையாகப் பார்க்க வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். அணுகுண்டு அரசியலைப் பேசிய ‘வார் அண்ட் பீஸ்’ படத்தில் தணிக்கை வாரியம் 21 வெட்டுகள் கேட்டது. அவர் ஒன்றுக்கும் சம்மதிக்கவில்லை. 2003-இல் பம்பாய் உயர் நீதிமன்றம் வெட்டே இல்லாமல் அனுமதித்தது.

இதில் அவருடைய துணிச்சலை எல்லோரும் பார்க்கிறார்கள். வக்கீலான என் கண்ணில் படுவது அவர் விண்ணப்பித்தார் என்பதுதான். சான்றிதழ் கேட்டார், மறுப்பை வாங்கினார், அந்த மறுப்பை எதிர்த்து வழக்குப் போட்டார். மறுப்பு உத்தரவு கையில் இல்லாதவருக்கு நீதிமன்றத்தில் என்ன வாதாடுவது?

சட்டம் நம் பக்கம் இல்லை என்ற எண்ணமும் தவறு. இட ஒதுக்கீட்டை விமர்சித்த ‘ஒரே ஒரு கிராமத்திலே’ என்ற தமிழ்ப்படத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1989-இலேயே தெளிவாகச் சொல்லிவிட்டது: போராட்டம் வரும், கலவரம் வரும் என்ற மிரட்டலுக்காகக் கருத்துரிமையை நசுக்க முடியாது. அந்தப் படத்தின் கருத்து எனக்கு உடன்பாடில்லை. ஆனாலும் அந்தத் தீர்ப்பை வாரத்துக்கு ஒருமுறையாவது புரட்டுகிறேன்.

ஒரு மாற்றத்தை மட்டும் கவனியுங்கள். முன்பு தணிக்கை முடிவை எதிர்த்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். சிறு தயாரிப்பாளருக்கு அது செலவு குறைந்த வழி. 2021-இல் அதைக் கலைத்துவிட்டார்கள். இப்போது நேராக உயர் நீதிமன்றம்தான், அதற்கும் பொதுவாக 30 நாள் கெடு. எனவே வெட்டச் சொன்னால் எந்தக் காட்சி, என்ன காரணம் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். உத்தரவு கிடைத்த தேதியைக் குறித்துவைத்துவிட்டு, அன்றைக்கே ஒரு வக்கீலைப் பாருங்கள். மனம் நொந்து ஒரு மாதம் வீட்டில் உட்கார்ந்திருந்தால் கெடு போய்விடும்.

அப்புறம், ஒப்புதல் கடிதம். கேமராவை எடுப்பதற்கு முன்பே, அவர்களுக்குப் புரியும் தமிழில் எழுதி, வாசித்துக் காட்டிக் கையெழுத்து வாங்குங்கள். திரையிடல், இணையம், தொலைக்காட்சி எல்லாவற்றையும் அதில் சொல்லுங்கள்.

அந்த இளைஞர் திரும்பவும் வீடு வீடாகப் போனார். ஒரு அம்மா, படத்தைப் பார்க்காமல் கையெழுத்துப் போட மாட்டேன் என்றாராம். மடிக்கணினியில் போட்டுக் காட்டியிருக்கிறார். முழுக்கப் பார்த்துவிட்டு, இறந்துபோன மகனின் பெயரில் ஓர் எழுத்து தப்பாக இருப்பதைக் காட்டினாராம். அதைத் திருத்திய பிறகுதான் கையெழுத்துப் போட்டார். தணிக்கை விண்ணப்பத்தைப் போன வாரம் கொடுத்திருக்கிறோம்.