ஹேக்கிங் ஆசை தப்பில்லை, பழகும் இடம்தான் முக்கியம்

ஹட்டனில் நெட்வொர்க் வகுப்பு எடுக்கிறேன். ஏ.எல். முடித்துவிட்டு வரும் பிள்ளைகள் அதிகம் கேட்பது இதைத்தான்: "சேர், பேஸ்புக் ஹேக் பண்ணச் சொல்லித் தருவீங்களா?" கேட்கிற பிள்ளையை நான் ஏசுவதில்லை. உள்ளே என்ன நடக்கிறது என்று பார்க்கத் துடிக்கும் மனம் இல்லாமல் இந்தத் தொழிலுக்கு வரவே முடியாது. அந்த ஆசையைத் தூண்டிலாக்குகிறவர்களை நினைத்துத்தான் எனக்குப் பயம்.

மாணவன் ஒருவனின் போனில் 'நண்பரின் வட்ஸ்அப்பைப் பார்க்கலாம்' என்றொரு செயலி இருந்தது. டெலிகிராமில் வந்த ஏபிகே, அதாவது பிளே ஸ்டோருக்கு வெளியே நேரடியாகப் போனில் போடும் செயலிக் கோப்பு. எஸ்எம்எஸ் வாசிக்க அனுமதி கேட்டிருக்கிறது, இவனும் கொடுத்துவிட்டான். வட்ஸ்அப்பை வேறு போனில் பதியக் கேட்கும் ஆறு இலக்க எண் எஸ்எம்எஸ்ஸில்தானே வரும்? வெளிநாட்டில் வேலை செய்யும் அம்மா பணம் அனுப்பும் வங்கிக் கணக்கின் ஓடிபியும் அதே போனுக்குத்தான் வருகிறது. அடுத்தவர் வீட்டை எட்டிப்பார்க்கப் போய்த் தன் வீட்டுச் சாவியைக் கொடுத்துவிட்டான்.

"சும்மா பார்த்தேன்" என்பதும் சட்டத்தில் எடுபடாது. இலங்கையின் 2007ஆம் ஆண்டு 24ஆம் இலக்கக் கணினிக் குற்றச் சட்டப்படி, அனுமதியில்லை என்று தெரிந்தே நுழைய முயன்றாலே ஐந்து ஆண்டுகள் வரை சிறை, ஒரு இலட்சம் ரூபாய் வரை தண்டம், அல்லது இரண்டும்.

சரி, எங்கே பழகுவது? நான் முதலில் அனுப்புவது ஓவர் தி வயர் தளத்தின் 'பேண்டிட்' விளையாட்டுக்கு. இலவசம். உள்ளே நுழையச் சொல்லியே வைத்திருக்கும் சர்வர் அது. லப்டொப் இல்லையா? அண்ட்ராய்ட் போனில் கட்டளைகளைத் தட்டச்சு செய்ய உதவும் டெர்மக்ஸ் செயலியைப் போட்டு, தூரத்துக் கணினிக்குள் பாதுகாப்பாக நுழையும் எஸ்எஸ்எச் வழியாகப் போகலாம். ஆரம்பத்திலேயே ஒரு கோப்பின் பெயர் வெறும் '-' என்று இருக்கும். கோப்பில் உள்ளதைக் காட்டும் 'கேட்' கட்டளையை வழக்கம்போலக் கொடுத்தால் திரை அப்படியே நின்றுவிடும். அந்த சர்வரை இயக்கும் லினக்ஸ் அந்த '-' குறியைக் கோப்பாகப் பார்க்காமல், நீங்கள் ஏதோ தட்டப்போகிறீர்கள் என்று காத்திருக்கும். பெயருக்கு முன்னால் './' சேர்த்தால் திறந்துவிடும். இதை ஒரு மணித்தியாலம் போராடித் தானே கண்டுபிடிக்கிற பிள்ளை அப்புறம் நிற்பதில்லை. இணையதளப் பாதுகாப்பில் ஆர்வமென்றால் போர்ட்ஸ்விகர் அகாடமி என்ற பயிற்சித் தளம் இருக்கிறது, அதுவும் இலவசம்.

பழகப் பழக ஊரிலுள்ள இணையதளங்களின் ஓட்டைகளும் தற்செயலாகக் கண்ணில் படும். அப்போது மேலே நோண்டாதீர்கள், ஸ்கிரீன்ஷாட்டைக் குரூப்பில் போடாதீர்கள். பார்த்தது என்ன என்பதை எழுதித் தளத்துக்குரியவருக்கு அனுப்புங்கள். பதில் வராவிட்டால் கணினிப் பாதுகாப்புச் சம்பவங்களைக் கவனிக்கும் அரச நிறுவனமான ஸ்ரீலங்கா சேர்ட்டிடம் சொல்லுங்கள், தொலைபேசி இலக்கம் 101.