ஆழ்மூளைத் தூண்டல் யாருக்குப் பலன் தரும்?

பார்க்கின்சன் நோய்க்கு மாத்திரை மட்டும் போதாமல் போகும் கட்டத்தில், "மூளையில் கம்பி வைத்தால் அப்பா பழையபடி நடப்பாரா, டாக்டர்?" என்று பிள்ளைகள் கேட்பதுண்டு. மின்முனை என்னும் மெல்லிய கம்பியை மூளையின் ஆழத்தில் பொருத்தி மின்துடிப்பு செலுத்துவதே இந்தச் சிகிச்சை. அந்தக் கேள்விக்கான விடையில் பெரும்பகுதி அறுவை அரங்கிற்கு வெளியிலேயே கிடைத்துவிடுகிறது. முந்தைய இரவிலிருந்து மருந்தை நிறுத்திவைத்து, காலையில் விரல்களைத் தட்டச் சொல்லியும் நாற்காலியிலிருந்து எழுந்து நடக்கச் சொல்லியும் மதிப்பெண் இடுகிறோம். பிறகு லெவோடோபா என்னும் பார்க்கின்சன் மருந்தைக் கொடுத்து, அதே சோதனைகளைத் திரும்பச் செய்கிறோம். மதிப்பெண்ணில் குறைந்தது 30 விழுக்காடாவது முன்னேற்றம் தெரிய வேண்டும் என்பது பொதுவான வரையறை. நடுக்கம் மட்டும் இதற்கு விலக்கு. மாத்திரைக்கு அடங்காத நடுக்கமும் மின்தூண்டலுக்கு அடங்கலாம். மருந்து உச்சத்தில் வேலை செய்யும்போதும் தள்ளாட்டம் நீடித்தால், அதை மின்முனையும் பெரும்பாலும் சரிசெய்யாது.

இந்த நோயில் டோபமின் என்னும் மூளை வேதிப்பொருள் குறையும்போது, இயக்கத்தை ஒழுங்குபடுத்தும் மூளையின் ஆழ்பகுதியான பேசல் கேங்லியாவுக்கும் மூளைப் புறணிக்கும் இடையிலான சுற்று தாளம் தவறுகிறது. அதில் சப்தலாமிக் நியூக்ளியஸ் என்னும் சிறு நரம்புச் செல் தொகுதி அளவுக்கு மீறி இயங்குகிறது. முன்பெல்லாம் இத்தகைய இடங்களில் திசுவைச் சுட்டு அழிப்பார்கள். சுடுமுன் இடத்தைச் சரிபார்க்கச் செலுத்தும் மின்துடிப்பை 100 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 100 துடிப்பு) அளவுக்கு உயர்த்தினால் நடுக்கமே நிற்கிறது என்பதை 1987இல் பிரான்சின் கிரெனோபிள் நகரில் நரம்பியல் அறுவை மருத்துவர் அலீம் லூயி பெனாபிட் கண்டறிந்த பிறகு, அழிக்காமலே சுற்றைத் திருத்தும் வழி திறந்தது. இன்று பலருக்கு 130 ஹெர்ட்ஸ் அளவில் துடிப்பை அமைக்கிறோம். நரம்புச் செல்கள் அழிவதை இது நிறுத்துவதில்லை.

அந்த நியூக்ளியஸ் சில மில்லிமீட்டர் அகலமே உடையது. இயக்கத்துக்கான பகுதியை ஒட்டியே உணர்ச்சிக்கான பகுதியும் இருப்பதால், கை நன்றாக அசையத் தொடங்கிய ஒருவர் தூக்கமின்றி, அளவற்ற உற்சாகத்தோடு, கண்டபடி செலவழிக்கவும் தொடங்கலாம். வீட்டார் இதை 'நோய் குணமான மகிழ்ச்சி' என்று விட்டுவிடாமல் தெரிவித்தால், மின்னளவைக் குறைத்தோ மின்முனையின் வேறு தொடுபுள்ளிக்கு மாற்றியோ பெரும்பாலும் சரிசெய்துவிடலாம். மின்முனை பொருத்திக்கொண்ட பிறகு முழங்கால் வலிக்குப் பிசியோதெரபி எடுக்கச் செல்பவர்கள், டயாதெர்மி என்னும் மின்காந்த அலை வெப்ப சிகிச்சை தங்களுக்கு அறவே கூடாது என்பதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். அதன் ஆற்றல் மின்முனை வழியே கடத்தப்பட்டு மூளைத் திசுவைக் கருக்கிவிடலாம்.

உணர்ச்சிச் சுற்றுகளையே குறிவைக்கும் சிகிச்சையும் உண்டு. மருந்துக்கு இணங்காத கடுமையான எண்ணச் சுழற்சி நோய்க்கு (ஓசிடி) அமெரிக்கா 2009இல் வரம்புக்குட்பட்ட அனுமதி அளித்தது. நம் நாட்டில் மனநோய்க்கு மூளை அறுவை செய்ய, 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டப்படி நோயாளியின் ஒப்புதலோடு மனநல வாரியத்தின் அனுமதியும் வேண்டும். குடும்பத்தாரின் கையெழுத்து மட்டும் போதாது.